நெவ்வாய் என்னும் பத்தாவது கிரகம்

அரியலூர் கடைவீதியில் அய்யம்பெருமாள் அச்சாபீஸில் எழுத்துக் கோக்கும் செங்கமலத்துக்கு 1982-ல் வயது இருபத்தேழு. அந்த வயதில் மற்ற பெண்களுக்கு இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று, பள்ளிக்கூடத்தில் ஒன்று என்று பிள்ளைகள் இருந்தன. செங்கமலத்துக்கு இருந்ததெல்லாம் ஒரு சாதகம். எல்லா வினைக்கும் அதுதான் காரணம்.

அந்தச் சாதகம் வீட்டுக்குள் வந்ததே பெருமையால்தான். அவள் அப்பா அங்கமுத்து ரயிலடி கூட்ஸ் ஷெட்டில் மூட்டை தூக்குகிறவர். அவர் வம்சத்தில் ஒருவருக்கும் சாதகம் கிடையாது. வயது கேட்டால் 'பெரும்புயல் அடிச்ச வருசம்' என்பதோடு சரி. மகள் எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் செய்ததும் மனுஷனுக்குத் தலைகால் புரியவில்லை. "படிச்ச பொண்ணுக்குச் சாதகம் இல்லாம எப்படி?" என்று போய் எழுதி வாங்கி வந்துவிட்டார். பிறந்த நேரம் என்ன என்று கேட்டதற்கு, "காலைப் பாசஞ்சர் வந்து நின்ன நேரம்" என்று சொன்னாராம். அந்தப் பாசஞ்சர் என்றைக்குச் சொன்ன நேரத்துக்கு வந்தது என்று எழுதினவரும் கேட்கவில்லை, இவரும் சொல்லவில்லை. எட்டாம் இடத்தில் செவ்வாய், கட்டிக்கொள்கிறவன் உயிருக்கு ஆகாது என்று முடிந்தது. சாதகம் எழுதாத தங்கைகள் ராசாத்தியும் வேம்புவும் ஜாம்ஜாமென்று கல்யாணமாகிப் போய்விட்டார்கள். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி!

அச்சாபீஸில் செங்கமலத்தின் கைவேகத்துக்கு ஈடு கிடையாது. வாய் பாட்டுக்கு மிஷின்காரர் வெள்ளைச்சாமியோடு வம்பளக்கும். விரல் பாட்டுக்கு ஈய எழுத்துகளைப் பொறுக்கி வரி கட்டும். மாசி பிறந்துவிட்டால் வருவதெல்லாம் கல்யாணப் பத்திரிகைதான். 'சிரஞ்சீவி', 'சௌபாக்கியவதி' என்று ஊரிலுள்ள அத்தனை பேரையும் சோடி சேர்த்தாள். சில நாள் வயிறு எரியும். அதை அவள் ஒளித்ததும் இல்லை. "எவ எவளோ சௌபாக்கியவதி. எனக்குச் சௌவும் இல்ல, பாக்கியமும் இல்ல" என்று சொல்லிவிட்டு அவளே முதலில் சிரிப்பாள்.

மாப்பிள்ளை இல்லாமல் இல்லை. இளையபெருமாள் என்று ஒருவன் இருந்தான். பெரம்பலூர், ஜெயங்கொண்டம் பஸ்களில் ஏறி, சமையல் குறிப்பு, கனவுப் பலன், கை வைத்தியம் என்று சின்னப் புத்தகங்கள் விற்கிறவன். தூங்குகிற பிரயாணியை எழுப்பித் தூக்கத்தின் பலன் பற்றிய புத்தகத்தை விற்றுவிடுவான், அப்படியொரு வாய். செங்கமலத்தின் எதிரே வந்தால் மட்டும் அந்த வாய்க்குத் திண்டுக்கல் பூட்டு. புத்தகக் கட்டை வாங்கிக்கொண்டு, "வரேங்க" என்பான், போக மாட்டான்.

அவன் அம்மா பொன்னம்மாள் உடையார்பாளையத்தில் முந்திரிக்கொட்டை உடைக்கிறவள். புருஷன் இல்லை. ஒற்றைப் பிள்ளை. இரண்டு வருஷத்துக்கு முன் வந்து செங்கமலத்தைப் பார்த்தாள், பிடித்துப்போய்ச் சாதகத்தை வாங்கிப் போனாள். ஒரு வாரத்தில் அவளே நேரில் திரும்பி வந்து, மஞ்சள் துணியில் சுற்றிய சாதகத்தைச் செங்கமலத்தின் மடியில் வைத்துவிட்டுக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பொண்ணு தங்கம் தாயி, கெரகந்தான் தகரமாப் போச்சு. எனக்கு ஒத்தப் புள்ள. கோவிச்சுக்காத."

இளையபெருமாள் வேறு பெண் பார்க்க மாட்டேன் என்று முரண்டு பிடித்தான். பொன்னம்மாள் பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, இந்த வைகாசிக்குள் மாமன் மகள் ஜெயலட்சுமி கழுத்தில் தாலி கட்டாவிட்டால் தன் பிணத்துக்குக் கொள்ளி வைக்கக்கூட வராதே என்று சொல்லிவிட்டாள். அப்போது பங்குனி. செங்கமலத்துக்கு மிச்சம் இருந்தது இரண்டே மாதம்.

இந்த நேரத்தில்தான் உடையார்பாளையம் நல்லதம்பி ஜோசியரின் 'துந்துபி வருட ராசிபலன்' அச்சுக்கு வந்தது. சித்திரை ஒன்றுக்குள் கடைக்கு வர வேண்டிய சின்னப் புத்தகம். மேஷம் முதல் கன்னி வரை, ஒரே தடவையில் மிஷினில் ஏறும் முதல் பாரம். துலாம் முதல் மீனம் வரை இரண்டாம் பாரம். முதல் பாரம் சுத்தமாக முடிந்தது. இரண்டாவதைக் கோக்க உட்கார்ந்தால் சானா இல்லை! எழுத்துகளை அச்சாபீஸில் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மாதிரியே கானா, சானா, நானா என்றுதான் சொல்வார்கள். பதினொரு கல்யாணப் பத்திரிகைகள் கோத்தது கோத்தபடி நின்றன. சௌபாக்கியவதி, செல்வன், செல்வி, சொந்தமும் பந்தமும் என்று அச்சாபீஸில் இருந்த சானா முழுவதையும் அவை தின்று தீர்த்திருந்தன. மற்றச் சொற்களுக்கு இங்கே ஒன்று அங்கே ஒன்று பொறுக்கி ஒப்பேற்றினாள். செவ்வாய்க்குத்தான் எட்டவில்லை. ஜோசியரோ வரிக்கு ஒரு செவ்வாய் போடுகிறவர்.

எழுத்து தட்டினால், அதாவது போதாமல் போனால், இடம் காலியாக இருக்கக்கூடாதென்று அதே அகலத்தில் வேறொரு எழுத்தைச் செருகி வைப்பதும், பிறகு எடுத்துவிட்டுச் சரியானதைப் போடுவதும் வழக்கம். செவ்வாயின் கொம்பு தனி எழுத்து; அதை அப்படியே விட்டுவிட்டு, செங்கமலம் பதினேழு இடத்தில் சானாவுக்குப் பதில் நானாவைச் செருகினாள். மறுநாள் வரதராஜன்பேட்டையில் ராசாத்தி மகளுக்குக் காதுகுத்து. பஸ்ஸுக்கு ஓடுகிற அவசரத்தில், மிஷின் சத்தத்துக்கு மேலே, "அண்ணே! ரெண்டாம் பாரத்துல நானா மாத்தணும்! நானா மாத்தணும்!" என்று கத்திவிட்டுப் போனாள்.

வெள்ளைச்சாமி காதில் விழுந்தது, 'நானா மாத்திட்டேன்' என்று. அதாவது, அவளாகவே எல்லாம் மாற்றிவிட்டாள். பொறுப்பான பொண்ணு என்று மெச்சிக்கொண்டே இரண்டாயிரம் பிரதியும் ஓட்டிவிட்டார்.

மூன்றாம் நாள் செங்கமலம் திரும்பி வந்தபோது புத்தகம் தைத்து, வெட்டி, இளையபெருமாள் ஒரு கட்டு வாங்கிப் போய் விற்கவும் ஆரம்பித்திருந்தான். பிரித்துப் பார்த்தவளுக்குப் பகீரென்றது. பாதிப் புத்தகம் வரை செவ்வாய், அதற்குமேல் நெவ்வாய்! 'விருச்சிக ராசி அன்பர்களே, உங்கள் ராசிநாதன் நெவ்வாய் பலம் பெறுவதால் தடைப்பட்ட திருமணம் கைகூடும்.' ஐயையோ, அது அவள் ராசியேதான்.

மொத்தமும் நெவ்வாயாக இருந்தால் அச்சுப்பிழை என்று சின்னக் குழந்தைகூடச் சொல்லியிருக்கும். இரண்டும் பக்கத்துக்குப் பக்கம் இருந்ததுதான் வினையாகப் போயிற்று. ஜெயங்கொண்டம் பஸ்ஸில் ஒரு துலா ராசிக்காரர் புத்தகத்தைப் புரட்டிவிட்டு, "தம்பி, செவ்வாய் தெரியும். இதென்னா நெவ்வாய்?" என்று கேட்டிருக்கிறார். இளையபெருமாளுக்கும் தெரியாது. தெரியாது என்று சொல்லி எந்தப் புத்தகத்தையும் அவன் விற்றதில்லை.

"நெவ்வாய் தெரியாதுங்களா? நெய்வாய்ங்க, நெய்வாய்! பேசிப் பேசி நெவ்வாயாப் போச்சு. செவ்வாயோட கூடப்பொறந்த தங்கச்சி! ஒம்போது கெரகமும் பந்தியில ஒக்காந்தப்ப, இது அடுப்பங்கரையில பூந்து நெய்ச்சட்டியில வாய வச்சிருச்சு. அம்மா பூமாதேவி கரண்டியோட தொரத்த, ஓடிப்போயி அண்ணன் முதுவுக்குப் பின்னால ஒளிஞ்சதுதான். அறுவது வருசத்துக்கு ஒருக்கா, துந்துபி வருசத்துல மட்டும் தலைய நீட்டும். அண்ணன் மகா கோவக்காரன். ஆனா தங்கச்சி மொவத்தப் பாத்தான்னா சிரிச்சிருவான்!"

பஸ்ஸே சிரித்தது. ஜெயங்கொண்டம் போய்ச் சேருவதற்குள் கட்டு காலி. அடுத்த கட்டு வாங்க வந்தவனிடம் செங்கமலம் அழாத குறையாக நடந்ததைச் சொன்னாள். அவன் காகிதக் கட்டின் மேல் பொத்தென்று உட்கார்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்தான். இரண்டு வருஷத்தில் முதல்முறையாக அவன் வாய்ப்பூட்டு அவள் எதிரே திறந்தது.

"ஏங்க, ஒரு எழுத்தக் கோத்து ஆகாசத்துல ஒரு கெரகத்தையே தொங்கவிட்டுட்டீங்களே!"

"சிரிக்காதீங்க. எனக்கு வேலை போயிரும்."

"போனாப் போவுது. கெரகம் போவாதுங்க இனிமே."

அவன் சொன்னதுதான் நடந்தது. கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். இது கெட்டிக்காரி தவறு, பதினைந்து நாளில் தாலுகா தாண்டியது. பெரம்பலூரில் ஒருவர் பொழுது சாய்கிற நேரத்தில் மேற்கே நெய் நிறத்தில் கண்ணால் பார்த்தேன் என்றார். லப்பைக்குடிக்காட்டு மளிகைக்கடை பாய், "நமக்குக் கெரகத்துல எல்லாம் நம்பிக்கை கெடையாது. ஆனா விளக்குப் போடணும்னா நம்ம கடை நெய்யி சுத்தமான நெய்யி, அல்லா அறிய" என்று டின்னைத் திறந்து காட்டினார். துபாயில் வேலை செய்யும் அவர் மச்சான், அங்கேயிருந்து பார்த்தால் நெவ்வாய் தெரியுமா என்று கடிதம் போட்டுக் கேட்டாராம். ஒரு கோயிலில் நவக்கிரகத்துக்குப் பக்கத்தில் யாரோ ஓடையில் கிடந்த, நத்தை உருவில் கல்லாகிப்போன நத்தைக்கல்லைக் கழுவிப் பொட்டு வைத்து உட்காரவைத்துவிட்டார்கள். ஒன்பது சுற்றுச் சுற்றியவர்கள் பத்தாவது சுற்றையும் சேர்த்துக்கொண்டார்கள். துலாம் முதல் மீனம் வரை உள்ள ராசிக்காரர்களுக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது. "நாங்கள்லாம் நெவ்வா கட்சி" என்று மேஷக்காரர்களைக் கேலி பேசினார்கள்.

செங்கமலத்துக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஊரே தன் கைப்பிழையைக் கும்பிடுவதைப் பார்த்துச் சிரிப்பாக வரும். அடுத்த நிமிஷம் பயமாக வரும். அதற்கிடையில் இளையபெருமாள் ஒரு சேதி கொண்டுவந்தான்.

"நேத்து எங்கம்மா தானா கேட்டுச்சுங்க. அந்த அச்சாபீஸ் பொண்ணு விருச்சிகந்தானே, அதுக்கும் நெவ்வாதானேன்னு."

அன்றைக்கு முழுக்க அவள் கோத்த வரிகளில் ஒரு பிழை இல்லை. மனசு மட்டும் தாறுமாறாகக் குதித்தது.

சந்தோஷத்துக்கு ஆயுசு இரண்டே நாள். சித்திரை இரண்டாம் வாரம், நல்லதம்பி ஜோசியர் மொபெட்டில் புழுதி பறக்க வந்து இறங்கினார். ஜெயங்கொண்டத்து எதிர்க்கட்சி ஜோசியர் ஒருவர் சந்தையில் நாலு பேர் முன்னால், "இருக்கிறது பன்னெண்டு கட்டம், ஒம்போது கெரகம். பத்தாவதை ஒம்ம மடியிலயா ஒக்கார வைப்பீரு?" என்று கேட்டுவிட்டாராம். ஜோசியர் குதித்த குதியில் முதலாளி அய்யம்பெருமாள் நடுங்கிப்போனார். விற்காத பிரதிகளிலும் விற்ற ஊர்களிலும் ஒட்டுவதற்குத் திருத்தச் சீட்டு உடனே அச்சடித்துத் தருவதாகச் சத்தியம் செய்தார்.

"செங்கமலம், நீ செஞ்ச கூத்து. நீயே கோத்துக் குடு."

அவள் கோத்தாள். 'இப்புத்தகத்தில் நெவ்வாய் என்று வரும் இடங்களில் எல்லாம் செவ்வாய் என்று திருத்தி வாசிக்கவும்.' இப்போது சானாவுக்குப் பஞ்சமில்லை. கல்யாணப் பத்திரிகைகள் எல்லாம் முடிந்து எழுத்துகள் மரப்பெட்டியில் தத்தம் அறைக்குத் திரும்பியிருந்தன. ஜோசியர் புரூஃபை மூக்குக்கு நேரே பிடித்துப் படித்துக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் புறப்பட்டார். முதலாளி அவரை மொபெட் வரை வழியனுப்பப் போனார்.

செங்கமலம் அந்த ஒற்றை வரியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். இது அச்சாகிவிட்டால் நெவ்வாய் செத்தது. எட்டாம் இடத்துச் செவ்வாய் மறுபடியும் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்துகொள்ளும். வைகாசியில் ஜெயலட்சுமி பேரையும் இளையபெருமாள் பேரையும் அவளேதான் கோக்க வேண்டியிருக்கும். நினைத்ததும் ஆத்திரம் பொங்கியது. ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணத்தைப் பண்ணலாம் என்று பெரியவர்களே சொல்லியிருக்கிறார்கள். அவளுக்கு ஆயிரம் வேண்டாம், இரண்டு எழுத்துப் போதும். நெவ்வாயிலிருந்து நானாவை எடுத்தாள். செவ்வாயிலிருந்து சானாவை எடுத்தாள். இதை அங்கே வைத்தாள், அதை இங்கே வைத்தாள். வேறு ஒன்றையும் தொடவில்லை.

வெள்ளைச்சாமி மிஷினில் ஏற்றி முதல் சீட்டை எடுத்துப் பார்த்தார். 'இப்புத்தகத்தில் செவ்வாய் என்று வரும் இடங்களில் எல்லாம் நெவ்வாய் என்று திருத்தி வாசிக்கவும்.' சீட்டைப் பார்த்தார், செங்கமலத்தைப் பார்த்தார். போன தடவை காது கேட்காமல் வாங்கிய திட்டு அவருக்கு இன்னும் ஆறவில்லை.

"இந்தத் தடவையும் என் காதுல கோளாறுன்னு சொல்லுவியா?"

"இல்லண்ணே. இந்தத் தடவ நானாத்தான் மாத்தினேன்."

வெள்ளைச்சாமி சீட்டைத் திருப்பி வைத்தார். அவருக்கும் மூன்று பெண்கள். மிஷினை ஓட்டினார்.

அவ்வளவுதான், வானத்திலிருந்து செவ்வாயே காணாமல் போய்விட்டது. நெவ்வாய் கட்சியின் கேலி தாங்காமல் இருந்த மேஷம், ரிஷபம் எல்லாம் கட்சி மாறிச் சேர்ந்துகொண்டன. செவ்வாய் தோஷப் பெண்ணைப் பெற்றவர்கள் சீட்டை எடுத்துக்கொண்டு உடையார்பாளையத்துக்கு வண்டி கட்டினார்கள். ஜோசியர் விஷயம் தெரிந்து அச்சாபீஸைக் கொளுத்தக் கிளம்பித் தெருக்கதவைத் திறந்தால், வாசலில் நாற்பது பேர், கையில் தேங்காய் பழம்! "சாமி, நீங்க நல்லா இருக்கணும், எங்க பொண்ணுக்கு விடிவு காட்டிட்டீங்க" என்று ஒரு அம்மாள் காலில் விழுந்தாள். புத்தகத்தில் இருப்பது அவர் பேர், புரூஃபில் இருப்பது அவர் கையெழுத்து. பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்தது. குரங்குக்கு வசூலாகும் கும்பிடு பிள்ளையாருக்குக்கூடக் கிடைத்ததில்லை. ஜோசியர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "நெய் விளக்கு ஒன்னு போட்டாப் போதும்" என்றார்.

அடுத்த திங்கட்கிழமை காலை பொன்னம்மாள் அச்சாபீஸ் படியேறினாள். முதலாளி காகிதம் வாங்கத் திருச்சி போயிருந்தார். செங்கமலம் ஓடிப்போய் முக்காலியை இழுத்துப் போட்டாள். பொன்னம்மாள் உட்காரவில்லை. முந்திரிக்கொட்டை ஓட்டுப் பால் பட்டுக் கறுத்த விரல்களில் அந்தத் திருத்தச் சீட்டைப் பிடித்திருந்தாள்.

"எனக்குப் படிக்கத் தெரியாது தாயி. நாலு பேருகிட்ட குடுத்துப் படிக்கச் சொன்னேன். செவ்வாயே இல்லங்கிறாங்க. என் மவன் குதிக்கிறான். எழுத்துக் கோக்குறவ நீ. ஒன்னயத்தான் கேக்குறேன், நெசமாச் சொல்லு. எனக்கு ஒத்தப் புள்ள. அவன் உசுருக்கு ஒன்னும் ஆவாதுல்ல?"

ஆமாம் அத்தை, ஒன்றும் ஆகாது என்று ஒரு வார்த்தை. அதற்குத்தான் இத்தனை கூத்தும். செங்கமலத்துக்கு வாய் வரை வந்தது. ஆனால் அந்த முகத்தில் இருந்த பயத்தைப் பார்த்ததும் வந்த வார்த்தையை விழுங்கிவிட்டாள். ஈயத்தில் பொய் சொல்ல முடிந்தது. பெற்றவள் முகத்துக்கு நேரே முடியவில்லை.

"பொய்யி அத்த. எல்லாம் பொய்யி" என்று ஆரம்பித்தவள் நிறுத்தவில்லை. சானா தீர்ந்தது, நானா செருகியது, காதுகுத்துக்கு ஓடியது, இரண்டு எழுத்தை மாற்றியது எல்லாவற்றையும் அழுதுகொண்டே கொட்டிவிட்டாள். "நெவ்வாயின்னு ஒரு கெரகமே கெடையாது. என் சாதகத்துல செவ்வாதான் இருக்கு. எட்டுலதான் இருக்கு. ஒங்க மவன் மேல ஆசப்பட்டுத்தான் மாத்தினேன். ஒங்கள ஏமாத்த முடியல."

வெள்ளைச்சாமி மிஷினை நிறுத்திவிட்டார். பொன்னம்மாள் எழுத்து அறைகளைப் பார்த்தாள். ஒரு எழுத்தைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இம்மாத்தூண்டு எழுத்தா?"

"ஆமாங்க."

"இது மாறுனா கெரகமே மாறிப்போயிருமா?"

பொன்னம்மாள் முக்காலியில் மெல்ல உட்கார்ந்தாள்.

"எங்க கல்யாணத்துக்குப் பத்துக்கு ஒம்போது பொருத்தம்னு எழுதிக் குடுத்தாங்க. ஊரே மெச்சுச்சு. ஏழே வருசந்தான் இருந்தாரு. அந்தப் பொருந்தாத ஒன்னுதான் அவர வாங்கிருச்சுன்னு இத்தினி காலமா நெனச்சு, ஒரு கட்டத்த விடாம பாத்துப் பாத்துப் பயந்து செத்தேன். எழுதுனவன் கையில என்னா எழுத்து தட்டுச்சோ, எதத் தூக்கி எங்க வச்சானோ! தப்பு எம்மேலதான்னு இதுவரைக்கும் ஒருத்தன் வந்து ஒத்துக்கலடி. நீ ஒருத்திதான் ஒத்துக்கிட்ட."

அவள் எழுந்து, முந்தானையால் செங்கமலத்தின் முகத்தைத் துடைத்துவிட்டாள். ஈயக் கறை கன்னமெல்லாம் பரவியதுதான் மிச்சம்.

"ஒங்கப்பன நாளைக்கு மூட்டை தூக்கப் போவ வேணாம்னு சொல்லு. வெத்தல பாக்கோட வரோம்."

வெள்ளைச்சாமிக்குத்தான் மனசு கேட்கவில்லை. "அம்மா, நல்ல காரியம் பேசப் போறீங்க. நாளைக்குச் செவ்வாக்கெழமைங்க" என்றார்.

படியிறங்கிக்கொண்டிருந்த பொன்னம்மாள் திரும்பி, இடுப்பில் கை வைத்து அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"அச்சடிச்சவரே இப்புடிக் கேட்டா எப்புடி? செவ்வாக்கெழம ஏதுய்யா? நாளைக்கு நெவ்வாக்கெழம!"